அரசு வக்கீல் தேர்தலில் நிற்கலாமா? முதலில் ஒரு தாள் கையில் வரட்டும்

"பதினோரு வருடமாக தாலுகா கோர்ட்டில் வக்கீலாக இருக்கிறேன். கடைசி மூன்று வருடமாக அரசு வழக்கறிஞர் பொறுப்பும் பார்க்கிறேன். வரும் சட்டமன்றத் தேர்தலில் கட்சி சீட் தரும்போல் இருக்கிறது. இந்தப் பொறுப்பை எப்போது ராஜினாமா செய்ய வேண்டும்? ஜெயித்தால் தொழிலையும் விட வேண்டுமா? ஒருவர் எல்லா வேலையையும் முடித்துத் தருவதாகச் சொல்லிப் பணம் கேட்கிறார். நம்பலாமா?"

தம்பி, நீங்கள் கடைசியாகக் கேட்டதற்கு முதலில் பதில் சொல்லிவிடுகிறேன். நம்பாதீர்கள். ஏன் என்று பிறகு சொல்கிறேன்.

தொழிலை நினைத்துப் பயப்பட வேண்டாம். எம்எல்ஏ, எம்பி ஆனவர்கள் வக்கீலாகத் தொடரலாம் என்று 2018 செப்டம்பரில் உச்ச நீதிமன்றமே சொல்லிவிட்டது. அவர்கள் யாரிடமும் முழுநேரச் சம்பளத்துக்கு வேலை பார்ப்பவர்கள் அல்ல என்பதுதான் காரணம். அமைச்சரானால் மட்டும் தொழிலை நிறுத்திவையுங்கள், அதில் வாதமே வேண்டாம். அருண் ஜேட்லி 2009-ல் மாநிலங்களவை எதிர்க்கட்சித் தலைவரானபோதே வக்கீல் தொழிலை நிறுத்திவிட்டார். திரும்பி வரவும் வழி உண்டு. ப. சிதம்பரம் நிதி, உள்துறை என்று பெரிய பொறுப்புகளைப் பார்த்துவிட்டு, 2014-க்குப் பிறகு மறுபடி உச்ச நீதிமன்றத்தில் வாதாட வரவில்லையா?

உங்களுக்கு உண்மையான சிக்கல் அந்த அரசு வழக்கறிஞர் பொறுப்பில்தான் இருக்கிறது. அரசின் கீழ் ஆதாயம் தரும் பதவியில் இருப்பவர் வேட்பாளராக முடியாது என்கிறது அரசியல் சட்டத்தின் 191-வது பிரிவு. 'எனக்குச் சம்பளமா தருகிறார்கள், ஃபீஸ்தானே' என்பீர்கள். எல்லோரும் இதைத்தான் சொல்கிறார்கள். ரயில்வே தன் வழக்குகளுக்காக வைத்திருந்த வக்கீல் பட்டியலில் (பேனலில்) இருந்ததையே ஆதாயப் பதவி என்று உச்ச நீதிமன்றம் ஒரு வழக்கில் சொல்லியிருக்கிறது. இன்னொரு வழக்கு ராஜஸ்தானில் நடந்தது. காந்தா கதூரியா என்ற வக்கீல் 1967-ல் ஜெயித்தார். ஒரே ஒரு வழக்குக்காக அவரைச் சிறப்பு அரசு வழக்கறிஞராகப் போட்டிருந்தார்கள். அதற்காகவே அவர் ஜெயித்தது செல்லாது என்றது உயர் நீதிமன்றம். உச்ச நீதிமன்றம் அவரைக் காப்பாற்றியது. ஆனால் அங்கேயும் நீதிபதிகள் எல்லோரும் ஒரே கருத்தில் இல்லை. அதற்குள் அந்தப் பதவியில் இருப்பது தகுதியிழப்பு ஆகாது என்று ராஜஸ்தான் சட்டமன்றம் முன்தேதியிட்டு ஒரு சட்டமே போட வேண்டியிருந்தது. அவருக்காவது ஒரு வழக்குதான். நீங்கள் மூன்று வருடமாகத் தொடர்ந்து அந்த நாற்காலியில் இருக்கிறீர்கள். அந்தத் தீர்ப்பை நம்பி இறங்காதீர்கள்.

அதனால் ராஜினாமா செய்யுங்கள், அதையும் சீக்கிரம் செய்யுங்கள். வேட்புமனு பரிசீலனை நாளில் நீங்கள் அந்தப் பொறுப்பில் இருக்கக் கூடாது. கடிதம் கொடுத்தால் போதும் என்று நினைக்கிறார்கள், போதாது. ராஜினாமா ஏற்கப்பட்டது என்ற உத்தரவு கையில் இருக்க வேண்டும். ஒரு பரிசீலனையில் என் கண்ணெதிரே நடந்ததைச் சொல்கிறேன். எதிர்த்தரப்பு ஏஜென்ட் ஆட்சேபணை மனுவை மேஜையில் வைத்தார். நம் பக்கத்து வேட்பாளர் பையைத் துழாவி எடுத்தது ராஜினாமாக் கடிதத்தின் ஜெராக்ஸ். மூலையில் தபால் பிரிவின் வட்ட முத்திரை மட்டும் இருந்தது. "ஏற்றுக்கொண்ட ஆர்டர் எங்கே?" என்று கேட்டார் தேர்தல் அதிகாரி. கோப்பு இன்னும் தலைமைச் செயலகத்தில் ஏதோ ஒரு மேஜையில் தூங்கிக்கொண்டிருந்தது. மனு தள்ளுபடி.

ஒரு தாளில் ஒரு கையெழுத்துப் போட இந்த நிர்வாகத்துக்கு ஏன் வாரக்கணக்கில் ஆகிறது என்று முப்பது வருடமாகக் கேட்டுக்கொண்டிருக்கிறேன். கோர்ட்டுக்குப் போய்ப் பார்த்துக்கொள்ளலாம் என்றும் இருந்துவிடாதீர்கள். தேர்தல் வழக்கை ஆறு மாதத்தில் முடிக்க முயல வேண்டும் என்று சட்டத்தில் எழுதியிருக்கிறது. நடப்பது வேறு: 2016 சட்டமன்றத் தேர்தலில் ராதாபுரம் தொகுதியில் வித்தியாசம் 49 ஓட்டு. மறு எண்ணிக்கைக்கு உத்தரவு வந்தது 2019-ல். எண்ணியும் முடிவை வெளியிடத் தடை வந்தது. அதற்குள் 2021 தேர்தலே வந்துவிட்டது.

சரி, அந்த நபர் விஷயத்துக்கு வருகிறேன். தேர்தல் நெருங்கினால் இப்படிப்பட்டவர்கள் கோர்ட் வாசலிலேயே நிற்பார்கள். சீட் வாங்கித் தருகிறேன் என்பார்கள், செயலகத்தில் ஆள் இருக்கிறது என்பார்கள். கட்சி வேட்பாளர் என்பதற்கு ஏ, பி படிவங்கள்தான் ஆதாரம். அவை மனுத்தாக்கலின் கடைசி நாள் பிற்பகல் மூன்று மணிக்குள் தேர்தல் அதிகாரியிடம் போய்ச் சேர வேண்டும். அவற்றைக் கட்சி தரும், தரகர் தர முடியாது. சட்டமன்றத்துக்கு டெபாசிட் 10,000 ரூபாய், பட்டியல் சாதி, பழங்குடியினருக்கு 5,000. அதற்கு மேல் 'மனுத்தாக்கல் செலவு' என்று யார் கேட்டாலும் அது அவர் பைக்குத்தான் போகும்.

இதைவிட மோசமானது, வக்கீல் பதிவுச் சான்றிதழின் அசலை இவர்களிடம் கொடுப்பது. தொழிலை நிறுத்திவைப்பவர், வக்கீல்களைப் பதிவு செய்யும் மாநில பார் கவுன்சிலுக்குப் பதிவுத் தபாலில் தெரிவித்து, அசல் சான்றிதழையும் சேர்த்து அனுப்ப வேண்டும். திரும்பி வரும்போது பிரமாணப் பத்திரத்தோடு விண்ணப்பிக்க வேண்டும். எனக்குத் தெரிந்த ஒரு நண்பர் அசலைத் தரகரிடம் கொடுத்துவிட்டார். பதவி போய்த் தொழிலுக்குத் திரும்பியபோது, அது அங்கே போய்ச் சேரவே இல்லை என்று தெரிந்தது. தரகரின் செல்போன் எண்ணும் அதற்குள் மாறியிருந்தது. தபால் நிலையத்துக்கு நீங்களே போங்கள். ரசீதை வீட்டில் பத்திரம் வைத்திருக்கும் இடத்தில் வையுங்கள்.

அப்புறம், பிரச்சாரத்துக்குப் போகும்போது வெற்று வக்காலத்துகளில் (வழக்கு நடத்த வக்கீலுக்கு அதிகாரம் தரும் தாள்களில்) கையெழுத்துப் போட்டு ஜூனியரிடம் கொடுத்துவிட்டுப் போகாதீர்கள். உங்கள் பெயரில் உள்ள ஒரு வழக்கு, வாய்தாவுக்கு யாரும் வராமல் தள்ளுபடியானால், வழக்கைக் கொடுத்த கட்சிக்காரர் பார் கவுன்சிலில் புகார் கொடுப்பது உங்கள் மேல்தான்.

இந்த வாரமே ராஜினாமாக் கடிதத்தை நேரில் கொடுத்து ஒப்புகை வாங்குங்கள். ஏற்ற உத்தரவு வந்ததும் ஒரு நகலை எனக்கு அனுப்புங்கள், வேட்புமனுவை அதற்குப் பிறகு உட்கார்ந்து பார்ப்போம்.