ஓசு என்ற கணினித் தாள விளையாட்டில் புது ஸ்கின் (தோற்றத்தை மாற்றும் படத் தொகுப்பு) போட்டும் பழைய தோற்றமே வருகிறதே, ஏன்?

பெரும்பாலும் கோப்புறைக்குள் கோப்புறை மாட்டிக்கொள்வதுதான் காரணம். ஸ்கின் கோப்பு ஓஎஸ்கே என்று முடியும். அது பெயர் மாற்றிய ஜிப் கோப்புதான். பிரிக்கவே வேண்டாம், விளையாட்டு திறந்திருக்கும்போது இருமுறை சொடுக்கினால் தானே சேர்ந்துவிடும். அப்புறம் அமைப்புகளில் ஸ்கின் பகுதிக்குப் போய்த் தேர்ந்தெடுங்கள்.

ஜிப்பாகவே கிடைத்திருந்தால், பழைய ஸ்டேபிள் பதிப்பில் ஸ்கின்ஸ் கோப்புறைக்குள் பிரித்து வையுங்கள். ஸ்கினின் அமைப்புகள் எழுதியிருக்கும் ஸ்கின்.ஐஎன்ஐ கோப்பும் படங்களும் அந்த ஸ்கினின் கோப்புறையைத் திறந்தவுடனே கண்ணில் பட வேண்டும். இன்னொரு கோப்புறைக்குள் புதைந்திருந்தால் விளையாட்டுக்கு அவை தெரியாது. இல்லாத படத்துக்குப் பதில் இயல்பான படத்தையே காட்டும். நீங்கள் பார்ப்பது அதுதான். புதிய லேசர் பதிப்பில் இப்படி நகலெடுத்து வைக்கும் வழி கிடையாது, ஓஎஸ்கே கோப்பாகவே விளையாட்டில் சேர்க்க வேண்டும்.

சில பாடல்களில் மட்டும் தோற்றம் மாறுகிறதா? அந்தப் பாடலுக்காக உருவாக்கிய ஆட்டக் கோப்பு, அதாவது பீட்மேப், தன் சொந்த ஸ்கினோடு வந்திருக்கும். அதைப் புறக்கணிக்க அமைப்புகளிலேயே வழி உண்டு. ஆனால் முழுவதுமாக அணைத்துவிடாதீர்கள் என்பேன். சிலர் பாடலுக்கென்றே அவ்வளவு அழகாக வரைந்திருக்கிறார்கள்.

படங்கள் மங்கலாகத் தெரிந்தால், பெயரின் கடைசியில் @2எக்ஸ் உள்ள இரட்டை அளவுப் படங்கள் இருக்கின்றனவா என்று பாருங்கள்.