சோர்பாவின் ஒளிப்பதிவாளர் கிரேக்கரே இல்லையே, அவரை எப்படிக் கிரேக்க சினிமாவில் சேர்க்கிறார்கள்?

நீங்கள் 'சோர்பா தி கிரீக்' படத்தை இப்போதுதான் பார்த்திருப்பீர்கள், டைட்டிலில் வால்ட்டர் லாசலி என்ற பெயரைக் கண்டு குழம்பியிருப்பீர்கள் என்று நினைக்கிறேன். கேமரா பிடித்தே பிழைக்கிறவன் என்பதால் எனக்கு இந்தக் கேள்வி சுருக்கென்று தைத்தது.

அந்தப் படத்தின் இயக்குநர் காக்கோயானிஸ் சைப்ரஸில் பிறந்தவர். சோர்பாவாக நடித்த ஆண்டனி க்வின் மெக்சிகோவில் பிறந்தவர். துணை நடிகைக்கான ஆஸ்கர் வாங்கிய லீலா கெட்ரோவா ரஷ்யாவில் பிறந்தவர். இவர்களையெல்லாம் எந்த ஊர் என்று யாரும் கேட்பதில்லை. கேமராமேனை மட்டும் ஏன் கேட்கிறோம்?

லாசலி 1926-ல் பெர்லினில் பிறந்தார். 1939-ல் குடும்பத்தோடு இங்கிலாந்துக்குத் தப்பி வந்தவர். ஒரே ஒரு படத்துக்காகக் கிரேக்கம் போய்த் திரும்பியவர் இல்லை. 1956-ல் வந்த 'எ கேர்ள் இன் பிளாக்' படத்தைக் கிரேக்கத்தின் ஹைட்ரா தீவில் எடுத்ததிலிருந்தே காக்கோயானிஸோடு இருந்தார். 1962-ல் 'எலெக்ட்ரா'. 1964-ல் சோர்பா. அதற்குத்தான் கறுப்பு வெள்ளை ஒளிப்பதிவுக்கான ஆஸ்கர் கிடைத்தது. கிரேக்கர்களின் உழைப்பைக் குறைத்துச் சொல்கிறேன் என்று யாரும் சண்டைக்கு வர வேண்டாம். அதே படத்தின் கலை இயக்கத்துக்கு வாசிலிஸ் ஃபோட்டோபூலோஸ் என்ற கிரேக்கரும் ஆஸ்கர் வாங்கினார்.

எலெக்ட்ராவில் மொட்டை மலைச்சரிவு, அதன்மேல் கறுப்பு உடையில் நிற்கும் பெண்கள், நடுவே நாயகி ஐரீன் பாப்பாஸின் முகம். இப்படித்தான் எனக்கு அந்தப் படம் நினைவிருக்கிறது. வெயிலுக்குப் பயப்படாமல் எடுத்த படம்.

அந்தத் தைரியத்தில்தான் நானும் ஒரு ஆவணப்படத்தில் அடம் பிடித்தேன். உப்பளத்தில் உச்சிவெயில். "முகத்தில் நிழல் விழுது, வெளிச்சத்தைத் திருப்ப தெர்மாகோல் பிடிங்க" என்றார் இயக்குநர். வேண்டாம் சார், உப்பு வெள்ளையாகவே எரியட்டும், ஆட்கள் கறுப்பாகவே தெரியட்டும் என்றேன். நெடுநேரம் வாதாடிய பிறகு ஒப்புக்கொண்டார். திரையிட்ட அன்று எல்லோரும் அந்தக் காட்சிகளைப் பற்றியே பேசினார்கள். ஆனால் அழைப்பிதழில் தயாரிப்பாளர் பெயர், சிறப்பு விருந்தினர் பெயர், குத்துவிளக்கு ஏற்றியவர் பெயர் வரை இருந்தது. என் பெயர் இல்லை. பேசிய சம்பளத்தில் பாதி இன்னும் பாக்கி. கேட்டால் அடுத்த படத்தில் பார்த்துக்கொள்ளலாம் என்கிறார்கள். இந்தத் தொழிலில் எழுத்தில் வாங்காமல் யாரும் கேமராவைத் தூக்காதீர்கள்.

சரி, உங்கள் கேள்விக்கு வருகிறேன். லாசலி பிற்காலத்தில் கிரேக்கத்தின் கிரீட் தீவிலேயே குடியேறினார். சோர்பாவின் கடைசி நடனத்தை எடுத்த ஸ்டாவ்ரோஸ் கடற்கரைப் பக்கம்தான் வீடு. 2017-ல் அங்கேயே காலமானார். அவரைக் கிரேக்க சினிமாவில் சேர்க்காமல் வேறு எங்கே சேர்ப்பது? முடிந்தால் 'எ கேர்ள் இன் பிளாக்', எலெக்ட்ரா இரண்டையும் பார்த்துவிட்டு மறுபடி சோர்பாவைப் போட்டுப் பாருங்கள்.