வெளிப்புற நடையைத் திட்டமிட உளவியலும் உடலியலும் உதவுமா?

கேள்வி: நண்பர்களுக்கும் அலுவலகக் குழுக்களுக்கும் ஒருநாள் காட்டு நடை, மலையேற்றம் ஆகியவற்றை ஏற்பாடு செய்கிறேன். சூழல் உளவியலும் உடல்திறன் பற்றிய அறிவும் இதற்குக் கைகொடுக்கும் என்கிறார்கள். எங்கிருந்து தொடங்குவது?

பதில்: வரைபடத்தை விரித்து, அருவி, குகை, முகடு என்று பார்க்க வேண்டியவற்றைக் குறித்துக்கொண்டு அவற்றைக் கோட்டால் இணைப்பதுதான் வழக்கம். நான் முதலில் குறிப்பது வேறு: குழுவிலேயே மெதுவாக நடப்பவருக்கு எங்கெங்கே மூச்சு வாங்கும்? மூச்சிரைக்க ஏறி வருகிறவருக்குத் தன் காலடியும் முன்னால் போகிறவரின் முதுகுப்பையும்தான் தெரியும். எவ்வளவு அழகான காட்சியானாலும் அந்த நிமிடத்தில் அது வீண். அதனால் இளைப்பாறும் இடத்தைக் காட்சிமுனையில் வைக்காமல், அதற்குச் சற்று முன்பே வைக்கிறேன். தண்ணீர் குடித்து மூச்சு சீரானபின் மேலே போனால் அதே இடம் வேறாகத் தெரியும்.

நேரக் கணக்குக்கு, வில்லியம் நைஸ்மித் என்ற ஸ்காட்லாந்து மலையேறி 1892-இல் சொன்ன விதி இன்றும் உதவுகிறது. மெட்ரிக் அளவில் ஏறத்தாழ இப்படி: 5 கிலோமீட்டருக்கு ஒரு மணி நேரம், ஏறும் ஒவ்வொரு 600 மீட்டருக்கும் கூடுதலாக ஒரு மணி நேரம். அதன்படி 600 மீட்டர் ஏற்றமுள்ள 12 கிலோமீட்டர் பாதைக்கு சுமார் மூன்றரை மணி நேரம் ஆகும். ஆனால் அது நடந்து பழகியவர்களுக்கான கணக்கு, ஓய்வு நேரமும் அதில் சேராது. கலவையான குழு என்றால் நான் ஐந்து மணி நேரத்துக்கு மேலேயே ஒதுக்குவேன். முழு வாக்கியமாகப் பேசிக்கொண்டே நடக்க முடிகிறதா என்பதுதான் வேகத்துக்கு என் அளவுகோல்.

உளவியலில் எனக்கு மிகவும் பயன்பட்டது உளவியலாளர்களான ரேச்சல் கப்லான், ஸ்டீபன் கப்லான் இருவரும் 1980-களில் விரிவாக எழுதிய கவன மீட்புக் கோட்பாடு. வேலையில் நாம் வலிந்து செலுத்தும் கவனம் களைத்துப்போகிறது. அசையும் இலை, ஓடும் நீர், நகரும் மேகம் போன்றவை வற்புறுத்தாமல் கவனத்தை ஈர்ப்பதால் அந்தக் களைப்பு தீர இடம் கிடைக்கிறது என்பது அதன் சாரம். இதைப் படித்தவர்களில் பலர் 'காட்டுக்குள் போனாலே போதும்' என்று முடித்துவிடுகிறார்கள். போதாது. உருளும் கற்கள் மேல் ஒவ்வொரு அடியையும் பார்த்து வைக்க வேண்டிய பாதையும் காட்டுக்குள்தான் இருக்கிறது. அங்கே வலிந்த கவனம்தான் இன்னும் செலவாகிறது. ஆகவே கடினமான பகுதி முடிந்ததும் கால் தானாக நடக்கக்கூடிய, அகலமான, நிழலான பாதை சிறிது தூரமாவது வர வேண்டும். அந்த நேரத்தில் வழிகாட்டி வாயைத் திறக்காமல் இருப்பது பெரிய உதவி. மரத்துக்கு மரம் நிறுத்தி விளக்கம் சொல்வதும் அறிமுக விளையாட்டு வைப்பதும் அலுவலகக் கூட்டத்தைக் காட்டுக்குள் நடத்துவதுதான்.

சாப்பிடும் இடத்துக்கு ஜே ஆப்பிள்டன் என்ற புவியியலாளர் 1975-இல் முன்வைத்த கருத்தைப் பாருங்கள். தன்னை மறைத்துக்கொண்டே தொலைவைப் பார்க்கக்கூடிய இடங்களை மனிதர்கள் விரும்புகிறார்கள் என்றார் அவர். மொட்டை முகட்டின் உச்சியைவிட, அதற்குக் கொஞ்சம் கீழே, முதுகுக்குப் பின்னால் பாறையும் கண்ணுக்கு முன்னால் பள்ளத்தாக்கும் உள்ள இடத்தில் குழு தானாகவே அமைதியாக உட்கார்ந்துவிடும். காற்றும் குறைவாக அடிக்கும்.

சவாலும் திறமையும் பொருந்தும்போதுதான் ஒருவர் செயலில் மூழ்குகிறார் என்ற உளவியலாளர் சிக்சென்ட்மிஹாயியின் கருத்தை எல்லோரும் மேற்கோள் காட்டுகிறார்கள். குழுவுக்கு அது நேரடியாகப் பொருந்தாது. ஒரே பாறை ஒருவருக்குச் சலிப்பு, இன்னொருவருக்கு நடுக்கம். சராசரி ஆளுக்கென்று பாதை தேடினால் இருவருக்கும் அது உதவாது. பிரிந்துபோய் மறுபடி ஒரே இடத்தில் சேரும் இரண்டு பாதைகள் கிடைத்தால் விடாதீர்கள், பாதைக்கொரு வழிகாட்டியும் இருக்கட்டும்.

கடைசி ஒரு மணி நேரத்தைத்தான் பெரும்பாலோர் திட்டமிடுவதே இல்லை. 1993-இல் உளவியலாளர் டேனியல் கானமனும் உடன் பணியாற்றியவர்களும் செய்த சோதனை ஒன்று உண்டு. 14 டிகிரி குளிர்நீரில் 60 விநாடி கை வைப்பது ஒரு சுற்று. இன்னொரு சுற்றில் அதே 60 விநாடிக்குப் பிறகு, நீரைக் கொஞ்சம் கொஞ்சமாக 15 டிகிரிக்கு உயர்த்தியபடி மேலும் 30 விநாடி. எதைத் திரும்பச் செய்வீர்கள் என்று கேட்டபோது, பெரும்பாலோர் நீண்ட சுற்றையே தேர்ந்தெடுத்தார்கள். முடிவு சற்று இதமாக இருந்ததால் மொத்தமும் பரவாயில்லை என்று நினைவில் நின்றிருக்கிறது. உடலியலும் இங்கே ஒத்துப்போகிறது. இறங்கும்போது தொடைத் தசைகள் சுமையைத் தாங்கியபடியே நீள்கின்றன. அடுத்த ஓரிரு நாள் வலிக்குப் பெரும்பாலும் அதுதான் காரணம். களைத்த காலோடு செங்குத்தாக இறங்குவதில் சறுக்கும் ஆபத்தும் அதிகம். எனவே வட்டப்பாதை என்றால், செங்குத்தான பக்கத்தில் ஏறி, சாய்வான பக்கத்தில் இறங்கும்படி திசையை வைத்துக்கொள்ளுங்கள். செலவே இல்லாத மாற்றம் இது.

வெயில் விஷயத்தில் எந்த உளவியலும் உதவாது. வெப்பத்துக்கு உடல் பழக ஒன்று முதல் இரண்டு வாரம் வரை ஆகும், ஒருநாள் குழுவுக்கு அந்த அவகாசம் கிடையாது. விடியலில் கிளம்புங்கள், முடியாவிட்டால் தூரத்தைக் குறையுங்கள்.

'இன்னும் கொஞ்ச தூரம்தான்' என்று சொல்லும் பழக்கமிருந்தால் அதையும் விட்டுவிடுங்கள். முடிவு எங்கே என்று தெரிந்தால்தான் உடல் தன் வலுவைப் பங்கிட்டுச் செலவழிக்க முடியும். 'நாற்பது நிமிடம் இருக்கிறது, அதில் முதல் பத்து நிமிடம் ஏற்றம்' என்று உள்ளபடி சொன்னால் முகம் சுளிப்பார்கள், ஆனால் நடந்துவிடுவார்கள்.