ருமேனிய நடிகர் விளாட் இவானோவ் யார்?

‘ஸ்னோபியர்சர்’ (2013) படத்தில் பேசாமலே கொலை செய்து கொண்டு போகும் அந்த கோட் போட்ட ஆள் யார் என்று கேட்டிருந்தீர்கள். அவர்தான் விளாட் இவானோவ். 1969-இல் ருமேனியாவின் பொடோஷானியில் பிறந்தவர், நாடக மேடையிலிருந்து வந்தவர்.

உலகம் அவரைக் கவனித்தது 2007-இல். பிரான்ஸின் கான் திரைப்பட விழாவில் உயரிய விருதான தங்கப் பனையை வென்ற ‘4 மாதம், 3 வாரம், 2 நாள்’ படத்தில், சட்டவிரோதக் கருக்கலைப்பு செய்யும் பெபே அவர்தான். அதிகம் கத்தமாட்டார். கணக்குப் பார்க்கும் கடைக்காரர் மாதிரி நிதானமாகப் பேசியே இரண்டு பெண்களை மூலையில் தள்ளிவிடுவார். லாஸ் ஏஞ்சலிஸ் விமர்சகர்கள் அவருக்குச் சிறந்த துணை நடிகர் விருது தந்தார்கள்.

எனக்குப் பிடித்தது ‘போலீஸ், அட்ஜெக்டிவ்’ (2009). கஞ்சா புகைத்த பள்ளிப் பையனைக் கைது செய்ய மனசாட்சி இடம் தரவில்லை என்கிறான் இளம் போலீஸ்காரன். மேலதிகாரியான இவானோவ் அகராதியைக் கொண்டுவரச் சொல்லி, ‘மனசாட்சி’க்கு அர்த்தத்தை அவன் வாயாலேயே வாசிக்க வைப்பார். துப்பாக்கியே வேண்டாம், அகராதி போதும்!

அப்புறம் ‘தி விஸ்லர்ஸ்’ (2019). அதில் கதாநாயகனே அவர்தான். கேனரித் தீவுகளில் ஒன்றான லா கோமெராவுக்குப் போய் விசில் மொழி கற்கும் ஊழல் போலீஸ்காரர். ‘டோனி எர்ட்மன்’ படத்திலும் இருக்கிறார், சின்ன வேடம்தான். முதலில் அந்த அகராதிக் காட்சியைப் பாருங்கள்.