ரத்தம் விற்கும் கும்பல் பற்றிய இந்திப் படத்தில் வருவதெல்லாம் நிஜமாகவே நடக்குமா?

நடக்கும். ஆனால் ராத்திரியில் பிளட் பேங்க் ஃப்ரிட்ஜைத் திறந்து பேக்குகளை அள்ளுவது இந்தத் தொழிலில் ஒரு மூலைதான். பெரிய வாசல், மாற்று ரத்தம்: நோயாளிக்கு ஏற்றும் ரத்தத்துக்கு ஈடாக அவருடைய ஆட்களிடம் கேட்கும் ரத்தம். "ரெண்டு யூனிட் வேணும், ரெண்டு ஆளைக் கூட்டிட்டு வாங்க" என்று ஆஸ்பத்திரியில் சொன்னால் வெளியூரிலிருந்து வந்தவர் எங்கே போவார்? கேட்டுக்கு வெளியே நிற்கும் புரோக்கர் ஒரு 'அண்ணன் மகனை'த் தயார் செய்து தருவான். படிவத்தில் உறவு என்று எழுதிவிட்டால் காசு கைமாறியது எங்கும் பதிவாகாது.

காசுக்கு ரத்தம் கொடுப்பதற்கு உச்ச நீதிமன்றத்தின் 1996 தீர்ப்பால் 1998 ஜனவரி 1 முதல் தடை. அப்படியும் 2008இல் உ.பி.யின் கோரக்பூரில் ஆட்களை அடைத்துவைத்தே ரத்தம் எடுத்த கும்பல் பிடிபட்டது.

அடிக்கடி விற்பவரை ஒரு சொட்டே காட்டிக்கொடுக்கும். 1.053 அடர்த்தியுள்ள காப்பர் சல்பேட் கரைசலில் விரல் ரத்தத்தை விட்டால் 15 நொடிக்குள் மூழ்க வேண்டும். ஹீமோகுளோபின் 12.5க்குக் கீழே என்றால் தயங்கி நிற்கும், இல்லை மேலே வரும். 450 மில்லி எடுத்தால் 200 மில்லிகிராமுக்கு மேல் இரும்புச்சத்து போகிறது. அதனால்தான் ஆணுக்கு 90 நாள், பெண்ணுக்கு 120 நாள் இடைவெளி. காசுக்கு வருபவர் 'கடைசியா எப்போ கொடுத்தீங்க' என்ற கேள்விக்கும் பொய் சொல்வார், நோய் பற்றிய கேள்விக்கும் பொய் சொல்வார். ஹெச்ஐவி உட்பட ஐந்து சோதனைகள் கட்டாயம்தான், ஆனால் தொற்றிய புதிதில் சோதனையில் பிடிபடாது.

சலைன் கலந்து ஒரு பேக்கை இரண்டாக்குவது இன்னும் மோசம். பார்த்தால் தெரியாது. ஒரு யூனிட் ஏற்றினால் பெரியவருக்கு ஹீமோகுளோபின் சுமார் 1 கிராம் கூட வேண்டும். ரத்தப்போக்கு இல்லாமலும் ஏறவில்லையென்றால் டாக்டரிடம் கேளுங்கள். ஏற்றும் முன்பே லேபிளில் உரிம எண், எடுத்த தேதி, காலாவதி இருக்கிறதா, யூனிட் எண் கிராஸ் மேட்ச் (நோயாளியின் ரத்தத்தோடு பொருந்துகிறதா என்ற சோதனை) சீட்டோடு ஒத்துப்போகிறதா என்று நர்ஸோடு சேர்ந்து பாருங்கள். எண் மாறியிருந்தாலோ பையில் தெளிந்து நிற்கும் பிளாஸ்மா சிவந்திருந்தாலோ ஏற்ற விடாதீர்கள்.

"பிளட் பேங்க் எல்லாமே கொள்ளை" என்று கமெண்ட் போடப்போகிறவர்களுக்கு: ரசீதில் இருப்பது ரத்தத்தின் விலை கிடையாது, ரத்தப் பைக்கும் சோதனைக்குமான செலவு. 2022 வழிகாட்டுதல்படி தனியாரில் சிவப்பணு (ரத்தத்திலிருந்து பிரித்தெடுத்த சிவப்பு அணுக்கள்) யூனிட்டுக்கு உச்சவரம்பு 1,550 ரூபாய். அதற்கு மேல் கேட்டால் ரசீதோடு மருந்துக் கட்டுப்பாட்டுத் துறையில் புகார் கொடுங்கள்.

ஒரு ஆதங்கம். தலைவர் பிறந்தநாள், நடிகர் பிறந்தநாள் என்று ஒரே நாளில் நூற்றுக்கணக்கில் கொடுக்கிறீர்கள். முழு ரத்தம் 35 நாள்தான் தாங்கும், சிவப்பணு 42 நாள். மன்ற நிர்வாகிகளே, பாதிப் பேரை மே மாதத்துக்குத் தள்ளுங்கள். கல்லூரி லீவில் முகாம் குறைந்துபோகும் அந்தச் சமயம்தான் புரோக்கருக்கு சீசன்.