விர்த்தின் ஹாம்லெட் – கடிதம்

அன்புள்ள ஐயா,

போன வாரம் யூடியூபில் ஒரு பழைய ஜெர்மன் ‘ஹாம்லெட்’ பார்த்தேன். இயக்கியவர் ஃப்ரான்ஸ் பீட்டர் விர்த். நான் பார்த்தது ஒரு அமெரிக்கக் கேலி நிகழ்ச்சியில் வந்த வடிவம். திரையின் அடியில் மூன்று நிழலுருவங்கள் உட்கார்ந்து வசனத்துக்கு வசனம் கிண்டலடிக்கும். விழுந்து விழுந்து சிரித்தேன். அப்புறம் தேடினால், இவர் நாற்பது வருடத்துக்கு மேல் பெர்னார்ட் ஷா, ஷேக்ஸ்பியர், தாமஸ் மன் என்று மற்றவர்கள் எழுதியதையே எடுத்துக்கொண்டிருந்திருக்கிறார். சொந்தமாக ஒன்றும் சொல்லாதவரைக் கலைஞர் என்று சொல்லலாமா? செட்டுக்குக்கூடக் காசில்லாமல் எடுத்த இந்த நாடகங்களை இன்று ஏன் பார்க்க வேண்டும்? தாமஸ் மன் நாவலை வைத்து அவர் எடுத்த ‘புடன்ப்ரூக்ஸ்’ தொடரையாவது பார்க்கலாமா?

க.

அன்புள்ள க.,

உங்கள் கடிதம் வந்தபோது நான் இதே ஆளைப் பற்றித்தான் யோசித்துக்கொண்டிருந்தேன். அதனால்தான் உடனே எழுதுகிறேன். கோபத்தோடுதான் எழுதுகிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

முதலில் சின்னக் கேள்விகள். ‘புடன்ப்ரூக்ஸ்’, 1979, பதினொரு பகுதிகள். பாருங்கள், அவசரப்படாமல் பாருங்கள். அதற்கு முந்தைய வருடம் வந்த ‘வாலென்ஸ்டைன்’ தொடரையும் பாருங்கள், நாயகனாக நடித்த ரோல்ஃப் பாய்சன் ஒருவருக்காகவே பார்க்கலாம். அடுத்தவர் எழுதியதை எடுப்பவர் கலைஞரா என்ற கேள்விக்கு நான் பதில் சொல்லப்போவதில்லை. ஷாவின் நாடகத்தை வைத்து அவர் எடுத்த ‘ஹெல்டன்’ என்ற சினிமா 1959இல் ஆஸ்கர் பரிந்துரை வரை போனது. அது போகட்டும், பரிந்துரை கிடைத்ததால் யாரும் கலைஞராகிவிடுவதில்லை.

நீங்கள் சிரித்ததைப் பற்றித்தான் பேச வேண்டும்.

நீங்கள் பார்த்தது விர்த்தின் ஹாம்லெட்டே இல்லை. ஷேக்ஸ்பியரின் நாடகத்தை 1798இல் ஆகஸ்ட் வில்ஹெல்ம் ஷ்லேகல் ஜெர்மன் செய்யுளாக்கினார். அந்த ஜெர்மன் செய்யுளைப் பேசி நடித்தார்கள், 1961இல் ஒளிபரப்பானது. அதை அமெரிக்காவுக்குக் கொண்டுபோனவர்கள் மறுபடியும் ஷேக்ஸ்பியரின் ஆங்கில வரிகளை எடுத்து, ஜெர்மன் பேசும் உதடுகளின் மேல் ஒட்டினார்கள். என்ன ஆகும்? ஒரு மொழியின் மூச்சுக்கு அசையும் வாயில் இன்னொரு மொழியின் மூச்சைத் திணித்தால் ஒவ்வொரு வரியும் இழுபடும், தூங்கி வழியும். ஹாம்லெட்டாக நடித்த மாக்ஸிமிலியன் ஷெல் தன் பாத்திரத்துக்குத் தானே ஆங்கிலத்தில் பேசினார், அது ஒன்றுதான் ஆறுதல். அரசனாக நடித்த ஹான்ஸ் கானினன்பெர்க்கின் குரலை எடுத்துவிட்டு ரிக்கார்டோ மொன்டல்பானின் குரலை வைத்தார்கள். மொன்டல்பான் மோசமான நடிகர் இல்லை. ஆனால் கொலை செய்துவிட்டுப் பிரார்த்தனை செய்ய முடியாமல் தவிக்கிற ஒரு மனிதனின் தவிப்பு எங்கே இருக்கிறது? முகத்தில் பாதி, தொண்டையில் பாதி. தொண்டையைப் பிடுங்கிப் போட்டுவிட்டு முகத்தைப் பார்த்துச் சிரிக்கச் சொல்கிறார்கள், நீங்களும் சிரித்தீர்கள். போதாததற்கு அந்த நிகழ்ச்சியின் நேரத்துக்குள் அடங்குவதற்காகப் படத்தை இன்னும் வெட்டினார்கள். அது ஒளிபரப்பானது 1999 ஜூனில். அதே வருடம் அக்டோபரில் விர்த் இறந்துபோனார். ஹாம்லெட்டின் காதலி ஒஃபீலியாவாக நடித்த டுன்யா மோவார் 1963லேயே, மிக இளம் வயதில் போய்விட்டார். உங்களைக் குற்றவாளிக் கூண்டில் நிறுத்த இதைச் சொல்லவில்லை, யாரைப் பார்த்துச் சிரித்தோம் என்று தெரிந்திருக்கட்டும் என்று சொல்கிறேன்.

செட்டுக்குக் காசில்லை என்று எழுதியிருக்கிறீர்கள். அந்த வரியைப் படித்தபோதுதான் எனக்கு நிஜமாகவே வலித்தது. அன்றைய ஜெர்மன் வீடுகளில் இருந்த டிவி திரை மூலைக்கு மூலை 43 சென்டிமீட்டர், வசதியான வீடென்றால் 53. கறுப்பு வெள்ளை. அதில் ஒரு கோட்டையை, தூண்களை, திரைச்சீலைகளை எல்லாம் காட்டினால் சாம்பல் நிறக் குழப்பம்தான் தெரியும். விர்த் சுவரை எடுத்துவிட்டார். இருட்டை வைத்தார், நாலு படி வைத்தார், மிச்ச இடத்தை முகத்துக்குக் கொடுத்தார். மேடையில் கடைசி வரிசைக்குக் கேட்கும்படி கத்த வேண்டிய தனிமொழியைக் கேமராவுக்குப் பக்கத்தில் வந்து முணுமுணுக்கலாம் என்பதை அவரும் அவர் தலைமுறையும் வேலை செய்து செய்து கண்டுபிடித்தார்கள். அவர்களுக்கு யாரும் சொல்லித்தரவில்லை. ஐம்பதுகளில் ஸ்டுட்கார்ட் ஒலிபரப்பு நிறுவனத்துக்காக அவர் எடுத்த காலத்தில் நாடகம் நேரலைதான். பதிவு செய்யும் வீடியோ இயந்திரம் அந்தப் பத்தாண்டின் கடைசியில்தான் ஜெர்மனிக்கு வந்தது. அதற்கு முந்தைய நேரலை நாடகங்களில் எத்தனையோ காற்றோடு போய்விட்டன. நடிகர் வசனம் மறந்தால் மறந்ததுதான். கேமராவின் கேபிளில் கால் தட்டினால் நாடே பார்க்கும். ‘ஃபெர்ன்ஸேஷ்பீல்’ என்று அவர்கள் தனிப் பெயரே வைத்திருந்தார்கள், தொலைக்காட்சிக்கான நாடகம். அது சினிமாவும் இல்லை, மேடையும் இல்லை.

வேலை விஷயமாக நான் ஸ்டுட்கார்ட்டில் எட்டு மாதம் இருந்தேன். தங்கியிருந்த வீட்டுக்காரம்மாவுக்கு அப்போதே எண்பது தாண்டியிருந்தது. அந்த ஊரின் நாடக அரங்கம் போரில் குண்டு விழுந்து அழிந்தது, புதியது திறந்தது 1962இல். நடுவில் இருந்த வருடங்களில் வேறு இடங்களில் நாடகம் நடந்தது, ஆனால் டிக்கெட் வாங்கிப் போகிற குடும்பம் இல்லை அவர்களுடையது. தெருவில் ஒரே ஒரு வீட்டில்தான் டிவி. நாடகம் இருக்கிற இரவுகளில் ஆளாளுக்கு நாற்காலியைத் தூக்கிக்கொண்டு அங்கே போவார்களாம். அவருடைய அம்மா ஞாயிற்றுக்கிழமை கோயிலுக்குப் போடுகிற உடுப்பைப் போடச் சொல்வாராம், நாடகத்துக்குப் போகிறோம் இல்லையா. முடிந்ததும் கைதட்டுவதா வேண்டாமா என்று யாருக்கும் தெரியாது, கொஞ்ச நேரம் எல்லோரும் அப்படியே உட்கார்ந்திருப்பார்கள். வீட்டுக்காரம்மா வாழ்க்கையில் பார்த்த முதல் நாடகம் அந்தப் பெட்டிக்குள்தான் நடந்தது. ஜெர்மன் நாடகாசிரியர் ஷில்லரையும் ஷேக்ஸ்பியரையும் அவர் படித்தது அதற்குப் பிறகு.

ஒரு நாள் இரவு விர்த்தின் ஹாம்லெட்டை என் மடிக்கணினியில் போட்டேன், ஜெர்மன் குரலோடு. அவருக்குக் கண் சரியாகத் தெரியாது, அதனால் திரையைப் பார்க்கவில்லை. கேட்டுக்கொண்டே இருந்தார். “ஸைன் ஓடர் நிஷ்ட்ஸைன்”, அதாவது ‘இருப்பதா, இல்லாமல் போவதா’ என்ற தனிமொழி வந்ததும் ஷெல்லோடு சேர்ந்து அவரும் சொல்ல ஆரம்பித்தார், மெதுவாக, ஒரு வரிகூட விடாமல். நடுவில் சமையலறையில் பால் பொங்கியது, இரண்டு பேருமே எழுந்து போகவில்லை.

ஜெர்மன் வடிவத்தைத் தேடிப் பாருங்கள். சப்டைட்டில் கிடைக்கவில்லை என்றால் நாடகத்தைப் பக்கத்தில் விரித்து வைத்துக்கொள்ளுங்கள். பார்த்துவிட்டு எனக்கு எழுதுங்கள்.