லிவர்பூல் ஸ்கவுஸை வீகனாகச் செய்ய முடியுமா?

தாராளமாக முடியும். ஸ்கவுஸ் என்பது இங்கிலாந்தின் லிவர்பூலில் இறைச்சியும் உருளைக்கிழங்கும் போட்டுச் செய்யும் கெட்டியான குழம்பு. இறைச்சிக்கு வழியில்லாத லிவர்பூல் வீடுகளில் வெறும் காய்கறியில் செய்த ஸ்கவுஸ் முன்பே உண்டு, பிளைண்ட் ஸ்கவுஸ் என்பார்கள். வெங்காயத்தை எண்ணெயில் நன்றாகச் சிவக்க வதக்கி, கேரட், டர்னிப், கொஞ்சம் பார்லி, அப்புறம் உருளைக்கிழங்கில் பாதியைப் பொடியாக நறுக்கிப் போட்டு வேகவிடுங்கள். அந்தக் கிழங்கு கரைந்துதான் குழம்பு கெட்டியாகும், மாவெல்லாம் தேவையில்லை. மீதிக் கிழங்கைப் பெரிய துண்டுகளாக அரை மணி நேரம் கழித்துச் சேருங்கள்.

இறைச்சிச் சுவைக்கு மார்மைட் என்ற ஈஸ்ட் பசை ஒரு ஸ்பூன் போதும் (சோயா துண்டுகள் எனக்கு ரப்பர் மாதிரிதான்). மார்மைட்டிலேயே உப்பு நிறைய, அதனால் உப்பைக் கடைசியில் பாருங்கள். வழக்கமான வூஸ்டர் சாஸில் நெத்திலி வகை மீன் இருக்கும், அது வேண்டாம். அதற்குப் பதில் ஷெஃபீல்டின் ஹெண்டர்சன்ஸ் ரெலிஷ் என்ற சாஸைச் சேர்க்கலாம், அதில் மீன் கிடையாது. தொட்டுக்கொள்ள வினிகரில் ஊறிய சிவப்பு முட்டைக்கோஸ் கட்டாயம்.